ஏர் ஃபில்டருக்கு எண்ணெய்

திட்டுவது எனக்குத் தொழில். முட்டி அறுவைச் சிகிச்சை முடிந்து வீட்டில் படுத்திருப்பவர்களைத் தேடிப்போய்க் காலை மடக்க வைக்கும் பிசியோதெரபிஸ்ட் நான். கொஞ்சிக்கொண்டிருந்தால் எந்த முட்டியும் மடங்காது. "வலிக்குதா? வலிக்கட்டும். இன்னும் கொஞ்சம் மடக்குங்க, அழறதை அப்புறம் வச்சுக்கலாம்" என்று ஓர் அதட்டல் போட்டால்தான் மடங்கும். அந்தப் பழக்கம் வீடு வரைக்கும் கூடவே வந்துவிட்டது. என் வீட்டுக்காரர் ஈரத்துண்டைக் கட்டில்மேல் போடுவதில் ஆரம்பித்து, தூங்கப்போகும் வரை ஏதாவது ஒன்றுக்கு வாங்கிக் கட்டிக்கொள்வார். என்றைக்காவது நான் வாயைத் திறக்காமல் இருந்தால் நெற்றியைத் தொட்டு, "காய்ச்சலா?" என்று கேட்பார்.

இந்த வீட்டில் நான் திட்டாத ஒரே ஆள் மாமா, அவருடைய அப்பா.

அத்தை தவறிய பிறகு, "கொஞ்ச நாள் இருந்துட்டுப் போறேம்மா" என்று சொல்லிக்கொண்டுதான் மாமா வந்தார். அவருக்காக அலமாரியில் இரண்டு தட்டுகளைக் காலி செய்து, புதுத் தாள் விரித்து வைத்தேன். விரித்த தாள் விரித்தபடியே கிடந்தது. துணியெல்லாம் கட்டிலுக்குப் பக்கத்தில் நிற்கும் பெட்டியில். சட்டை வேண்டுமானால் பெட்டியைத் திறப்பார், எடுப்பார், மறுபடியும் ஜிப்பை இழுத்து மூடிவிடுவார். ரயிலுக்கு நேரமாகிவிட்டவர் மாதிரி.

போன மாதம் அவர் கை தவறி ஒரு கண்ணாடி ஜாடி உடைந்தது. அன்று சாயங்காலமே, "உங்களுக்கெல்லாம் தொந்தரவா இருக்கேன்" என்று பேச்சைத் தொடங்கினார். "பரவாயில்ல மாமா, ஜாடிதானே" என்றேன். உண்மையில் எனக்கு உயிரான ஜாடி அது. வேறு யாராவது உடைத்திருந்தால் தெருவே கூடியிருக்கும். பெண்டாட்டியைப் பறிகொடுத்த மனுஷனைத் திட்டலாமா என்று நாக்கைக் கடித்துக்கொண்டேன்.

போன வாரம் விஷயம் முற்றிவிட்டது. அவருடைய பழைய ஊரில் ஒரு நண்பர் ரூம் பார்த்து வைத்திருக்கிறாராம். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் பதில் சொல்வதாகச் சொல்லியிருக்கிறாராம். சாப்பிடும்போது, தட்டைப் பார்த்துக்கொண்டே சொன்னார். என் வீட்டுக்காரர் எழுந்துபோய்க் கை கழுவினார், ரொம்ப நேரம் கழுவினார். அவருக்கு அழுகை வந்தால் அப்படித்தான்.

மாமா போகக் கூடாது. அதை அவருக்காக மட்டும் சொல்லவில்லை, எனக்காகவும்தான். வேலை முடிந்து நான் வரும்போது வாசலில் நின்றுகொண்டிருப்பார். எந்த நோயாளி என்ன ரகளை செய்தார் என்று நான் நடித்துக் காட்டினால் கண்ணில் தண்ணீர் வரச் சிரிப்பார். ஆரஞ்சுப் பழத்தை உரித்து, நாரெல்லாம் எடுத்துச் சுளை சுளையாகக் கையில் கொடுப்பார். என்னைப் பெற்றவர்கூட அப்படிக் கொடுத்ததில்லை.

இந்தச் சமயம் பார்த்துத்தான் கார் படுத்தத் தொடங்கியது. சிக்னலில் நின்றால் என்ஜின் ஏறி ஏறி இறங்கும், பிறகு அப்படியே அணைந்துவிடும். ஆக்ஸிலரேட்டரை மிதித்தால் யோசித்துவிட்டுத்தான் போகும். டேஷ்போர்டில் மஞ்சள் விளக்கு வேறு. ஒர்க் ஷாப்காரரிடம் போனில் சொன்னேன். வண்டியைப் பார்க்காமலேயே, "பெட்ரோல் பம்ப் போயிருக்கும், விட்டுட்டுப் போங்க" என்றார். தொட்டுக்கூடப் பார்க்காமல் நோயைச் சொல்கிறவர்களை எனக்குத் தொழில்ரீதியாகவே பிடிக்காது.

ஞாயிற்றுக்கிழமை காலையில் எதிர்வீட்டு டாக்ஸிக்காரம்மாவிடம் ஸ்கேனரைக் கடன் வாங்கி வந்தேன். ஸ்டீயரிங்குக்குக் கீழே செருகினால் வண்டியின் குறையைப் போனில் காட்டும் சின்னக் கருவி அது. 'காற்றளவு சென்சார்' என்று காட்டியது. என்ஜினுக்குள் எவ்வளவு காற்று போகிறது என்று கணக்குச் சொல்கிற சமாசாரம். அது சொல்லும் கணக்கை நம்பித்தான் வண்டி பெட்ரோலை ஊற்றும். கணக்குத் தப்பானால் சமையலும் தப்பு.

"அப்ப அதை மாத்திட வேண்டியதுதானே?" என்றார் வீட்டுக்காரர். கையில் ஸ்பேனரோடு நின்றார். அவருக்கு வேலை இன்சூரன்ஸ் ஆபீஸில். ஸ்பேனரைத் தலைகீழாகப் பிடித்திருந்தார்.

"இடுப்பு வலின்னு வந்தா உடனே இடுப்பை மாத்திடுவாங்களா? தள்ளி நில்லுங்க."

முதலில் காற்றுக் குழாயைப் பார்த்தேன். அதில் வெடிப்பு இருந்தால் திருட்டுக் காற்று உள்ளே போகும், பழி சென்சார்மேல் விழும். ரப்பர் மடிப்புகளை ஒவ்வொன்றாக விரித்துத் தடவினேன். கீறல் இல்லை. அவரை உட்கார்ந்து மிதிக்கச் சொல்லி, போனில் காற்றின் அளவைக் கவனித்தேன். கடகடவென்று ஏற வேண்டியது வேண்டாவெறுப்பாக ஏறியது. என்ஜினை நிறுத்தி, சென்சாரின் வயர் இணைப்பைக் கழற்றிவிட்டு மறுபடி ஸ்டார்ட் செய்யச் சொன்னேன். சென்சார் இல்லாவிட்டால் வண்டி குத்துமதிப்பாக ஓர் அளவு வைத்துக்கொண்டு ஓடும். ஓடியது, முன்னைவிட ஒழுங்காக. தப்பான ஆள் வாயை மூடியதும் வேலை நடக்கிறது என்றால் தப்பு அந்த ஆளிடம்தான்.

இரண்டு திருகுகளைக் கழற்றிச் சென்சாரை வெளியே எடுத்தேன். விரல் நீளப் பிளாஸ்டிக், அதன் ஜன்னலுக்குள் முடி போன்ற கம்பி. கம்பியெல்லாம் பிசுக்கு, பிசுக்கின்மேல் பஞ்சுத் தூசி. காற்று போகிற பாதையில் எண்ணெய்க்கு என்ன வேலை? ஃபில்டர் டப்பாவைத் திறந்தேன்.

காகித ஃபில்டர். மடிப்பு மடிப்பாக, உலர்ந்து இருக்க வேண்டியது. எடுத்தால் விரலெல்லாம் வழவழவென்று ஆனது. மோந்து பார்த்தேன். தையல் மிஷின் எண்ணெய்.

நானும் வீட்டுக்காரரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம்.

மாமா முப்பது வருஷம் தையல் மிஷின் விற்றவர். மூக்கு நீண்ட சின்ன எண்ணெய்க் குப்பி எப்போதும் அவர் கைவசம் இருக்கும். காய்ந்தது எல்லாம் தேயும் என்பது அவர் கட்சி. இங்கே வந்த பிறகு கதவுக் கீல், ஜன்னல் கொக்கி, கத்திரிக்கோல், குடைக்கம்பி என்று ஒன்றையும் விடவில்லை. பக்கத்து வீட்டு கேட் கிறீச்சிட்டால் அதற்கும் போய்ப் போட்டுவிட்டு வருவார். ஃபில்டர் காய்ந்து கிடந்ததைப் பார்த்து மனசு கேட்டிருக்காது. மருமகள் தினமும் ஓட்டுகிற வண்டி வேறு.

"அப்பாவுக்குத் தெரிஞ்சா இன்னைக்கே கிளம்பிடுவார்" என்றார் வீட்டுக்காரர், குரலை இறக்கி.

"தெரியாது. நீங்க உளறாம இருந்தா போதும்" என்று சொல்லி ஃபில்டரைப் பழைய துணியில் சுற்றி டயருக்குப் பின்னால் தள்ளினேன். "கம்பியைத் தொடக் கூடாது. ஸ்பிரே அடிச்சுக் கழுவிக் காய வச்சா பிழைச்சாலும் பிழைச்சுக்கும். டாக்ஸிக்காரம்மாகிட்ட ஸ்பிரே இருக்கு, வாங்கிட்டு வரேன்."

போனேன், வந்தேன். அதற்குள் என் வீட்டுக்காரர் உதவி செய்துவிட்டிருந்தார். ஒரு கையில் சென்சார். மறு கையில் காது குடையும் பஞ்சுக்குச்சி. குச்சியின் முனையில் அந்த முடிக்கம்பி.

"லேசாத்தான் தொட்டேன்" என்றார்.

பிறகு நான் பேசியதை அப்படியே எழுத முடியாது. தொடாதே என்றால் தொடு என்று அர்த்தமா, காதில் இருக்கிற அழுக்கை எடுக்க வேண்டிய குச்சி காருக்குள் ஏன் போனது, இன்சூரன்ஸ் ஆபீஸில் உங்களை எதை நம்பி உட்கார வைத்திருக்கிறார்கள் என்கிற ரீதியில் போயிற்று. எதிர்வீட்டு ஜன்னலில் டாக்ஸிக்காரம்மா தலை தெரிந்தது. ரசித்துக் கேட்டுவிட்டு, "விடும்மா, வண்டியை எடுக்கறேன். அவரை ஸ்பேர் பார்ட்ஸ் கடைக்குக் கூட்டிட்டுப் போயிட்டு வந்துடறேன்" என்றார். பழைய சென்சாரின் நம்பரைப் படம் எடுத்துக் கொடுத்து, புதுக் காகித ஃபில்டரும் வாங்கச் சொல்லி அனுப்பினேன். போகும்போது வீட்டுக்காரர் என்னைப் பார்த்துச் சிரித்துவிட்டுத்தான் போனார். திட்டு வாங்கி அப்படியொரு பழக்கம்.

திரும்பினால் மாமா நிற்கிறார். கையில் உரித்த ஆரஞ்சு.

"என்னம்மா உடைச்சான்?"

"சின்னப் பொருள் மாமா. வாங்கப் போயிருக்கார்."

சுளைகளை என்னிடம் நீட்டினார். என் விரல்களைப் பார்த்தார். பிறகு அந்த விரல்கள் பக்கமாகக் குனிந்து மூச்சை இழுத்தார். முப்பது வருஷம் அந்த வாசனையோடு வாழ்ந்தவரிடம் எதை மறைப்பது? டயருக்குப் பின்னால் இருந்த துணியை அவரே எடுத்துப் பிரித்தார்.

"இது நான் போட்டது" என்றார். "இதனாலதான் வண்டி நின்னு நின்னு போச்சா? ரோட்டு நடுவுல?"

"பரவாயில்ல மாமா" என்றேன்.

தலையை ஆட்டினார். ஃபில்டரை மெதுவாக அதே துணியில் சுற்றி வைத்துவிட்டு உள்ளே போனார். கொஞ்ச நேரத்தில் ஜிப் இழுக்கிற சத்தம் கேட்டது. இந்த வீட்டிலேயே எனக்குப் பிடிக்காத சத்தம் அது.

கையைக்கூடத் துடைக்காமல் ஓடினேன். பெட்டி கட்டில்மேல் இருந்தது. அத்தையின் படத்தைத் துண்டில் சுற்றிக்கொண்டிருந்தார்.

"மாமா, வேணும்னேவா செஞ்சீங்க? பரவாயில்லன்னுதானே சொல்றேன்."

"அதாம்மா" என்றார். கோபமாக இல்லை, களைப்பாகச் சொன்னார். "அவன் ஒரு குச்சியை வச்சு உடைச்சான், தெரு முழுக்கக் கேக்கற மாதிரி திட்டினே. அவ்வளவுக்கும் ஆரம்பம் நான். எனக்குப் பரவாயில்லங்கறே. ஜாடிக்கும் அப்படித்தான் சொன்னே. உங்க அத்தை இருந்தா என்னை உண்டு இல்லன்னு பண்ணியிருப்பா. பரவாயில்லன்னு விருந்தாளிகிட்டத்தாம்மா சொல்லுவாங்க. எத்தனை நாளைக்கு நான் விருந்தாளியா இருக்கறது?"

எனக்கு அழுகை வர வேண்டிய இடம் அது. வந்தது கோபம். இத்தனை மாதமாகக் கடித்து வைத்திருந்த நாக்கு அவிழ்ந்துகொண்டது.

"யாரைக் கேட்டு பெட்டி கட்டறீங்க?" என்று கத்தினேன். "வண்டியைத் திறக்கும்போது ஒரு வார்த்தை கேட்டீங்களா? காகிதத்துக்கு யாராவது எண்ணெய் போடுவாங்களா? நடு ரோட்ல நின்னு எத்தனை பேர்கிட்ட ஹாரன் அடி வாங்கினேன் தெரியுமா? கதவுக்குப் போட்ட எண்ணெய் என் வெள்ளைக் கோட்டுல கறை, இன்னும் போகல. குடை விரிச்சா தலைமேல சொட்டுது. அந்த ஜாடி எனக்கு எவ்வளவு பிடிக்கும்னு தெரியுமா? போதாக்குறைக்கு ரூம் பாக்கறாராம் ரூம்! நான் வாசல்ல வந்து இறங்கினா யார் நிப்பாங்க? நான் சொல்ற கதைக்கு யார் சிரிப்பாங்க, உங்க பையனா? அவருக்கு ஜோக்கைச் சொல்லிட்டு அர்த்தமும் சொல்லணும். தாள் விரிச்ச தட்டு அலமாரியில சும்மா கிடக்கு, தினமும் பாத்துப் பாத்து வயிறு எரியுது. மரியாதையா அந்தப் படத்தை வெளியில எடுத்து வைங்க!"

மூச்சு வாங்கியது. மாமா கட்டிலில் உட்கார்ந்துவிட்டார். கண் கலங்கியிருந்தது, ஆனால் முகம் சிரித்தது.

"ஜாடி அவ்வளவு பிடிக்குமா?"

"உயிர்."

"அன்னைக்கே சொல்லியிருக்கலாமே" என்றார்.

டாக்ஸி வந்து நின்றபோது இரண்டு பேரும் காருக்குப் பக்கத்தில் இருந்தோம். மாமா ஃபில்டர் டப்பாவின் உள்பக்கத்தை எண்ணெய்ச் சுவடே இல்லாமல் துடைத்துக்கொண்டிருந்தார். புதுச் சென்சாரை உறையிலிருந்து எடுத்து, காற்று போகும் திசையில் அம்புக்குறி இருக்கிறதா என்று பார்த்து, ரப்பர் வளையம் மடங்காமல் குழியில் உட்கார வைத்தேன். திருகை முடுக்கத் தொடங்கினேன்.

"ஏய், மெதுவா!" என்று ஒரு குரல். "பிளாஸ்டிக்ல போய் இப்படியா முறுக்குவாங்க? மரை போயிடும். எல்லாத்துலயும் உனக்கு அவசரம்!"

வீட்டுக்காரர் அதிர்ந்துபோய் அப்பாவைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். நான் திருகை ஒரு சுற்று தளர்த்தினேன். மாமா என்னைத் திட்டியது அதுதான் முதல் தடவை. காதில் தேன் ஊற்றியது போலிருந்தது என்று சொன்னால் நம்ப மாட்டீர்கள்.

வயரைச் செருகி, புது ஃபில்டரைப் போட்டு, ஸ்கேனரில் பழைய குறையை அழித்தோம். சாவியைத் திருப்பியதும் என்ஜின் ஏறி இறங்காமல் ஒரே சீராக நின்றது. போனில் காற்றின் அளவு மிதிக்க மிதிக்க ஏறியது. நான் ஒரு சுற்று ஓட்டிப் பார்க்கக் கிளம்பினேன். எல்லாச் சிக்னலிலும் நின்றேன், பச்சை விழுந்த பிறகும் வேண்டுமென்றே கொஞ்சம் நின்று பார்த்தேன். அணையவில்லை.

திரும்பி வந்தபோது மாமாவின் அறையில் அவர் குரல் கேட்டது. நண்பரிடம் போனில் பேசிக்கொண்டிருந்தார்.

"அந்த ரூமை வேற யாருக்காவது குடுத்துடப்பா. ஆமா. இல்ல, உடம்பெல்லாம் நல்லா இருக்கு. மருமக திட்டிட்டா. அட, சாதாரணத் திட்டு இல்லப்பா, நீ கேட்டிருக்கணும்!"

பதக்கம் வாங்கியவர் மாதிரி சொல்லிக்கொண்டிருந்தார். பெட்டி காலியாகப் பரண்மேல் ஏறியிருந்தது. அலமாரியைத் திறந்து பார்த்தேன். நான் ஒதுக்கிக் கொடுத்த இரண்டு தட்டும் போதவில்லைபோல. என் புடவைகளை ஒரு மூலைக்குத் தள்ளிவிட்டு, அந்த இடத்தில் அவருடைய துண்டுகளும் பனியன்களும், நடுவில் எண்ணெய்க் குப்பியும் உட்கார்ந்திருந்தன. அதற்கும் நன்றாகத் திட்டினேன்.