மச்சான் சுட்ட கிழங்கு

தையல்காரர் வீட்டில் சமையல் அவர் பொறுப்பு. எதைச் செய்து வைத்தாலும் மனைவி "பரவாயில்லைங்க" என்பாள். அதற்கே பூரித்துப்போவார்.

விருந்தாளியாக வந்த அவள் அண்ணன் ஒருநாள் அடுப்படிக்குள் நுழைந்தார். சர்க்கரைவள்ளிக்கிழங்கைத் தோலோடு மின் ஓவனில் சுட்டு, பிளந்து, தேன் கலந்து அடித்த க்ரீமை மேலே வழியவிட்டார். அவள் தட்டை வழித்து நக்கினாள்.

"அண்ணே, இப்படி நான் சாப்பிட்டதே இல்லை!"

தையல்காரருக்கு வயிறு பற்றி எரிந்தது. இத்தனை வருஷம் ஆக்கிப் போட்டவன் என்ன இளிச்சவாயனா?

மச்சான் ஊருக்குப் போன மறுநாளே கடையைப் பாதியில் பூட்டிவிட்டு வந்தார். கிழங்கில் பாகு கசியும்வரை ஓவன் முன்னாலேயே நின்றார். கை கடுக்கக் கடுக்க க்ரீமை அடித்தார். மச்சானுக்குத் தோன்றாத பட்டைப்பொடியையும் தூவினார்.

அவள் ஒரு வாய் வைத்துக் கண்ணை மூடினாள்.

"அண்ணன் செஞ்சதைவிட நல்லாயிருக்குங்க!"

"நிஜமாவா?" அவருக்குத் தலைகால் புரியவில்லை.

"நிஜமாத்தான். பாவம் அண்ணன், போன்லயே உங்களுக்கு எவ்வளவு பொறுமையா சொல்லிக்கொடுத்திருக்காரு!"

தையல்காரர் அவள் தட்டைத் தன் பக்கம் இழுத்து, மீதிக் கிழங்கைத் தானே தின்று தீர்த்தார்.