பூட்டுக்காரர் வீட்டுப் பின்கதவு

பூட்டுக்காரரின் மனைவி பள்ளியில் எந்த வரலாற்றுப் பாடம் நடத்துகிறாரோ, அந்தக் காலம் அவர்கள் வீட்டுப் பின்கதவுக்கு வெளியே நடந்துகொண்டிருக்கும். பாடத்தின் கடைசி வரியை டீச்சர் வகுப்பில் சொல்லி முடித்ததும் அது போய்விடும். பழையபடி துணிக்கொடியும் பக்கத்து வீட்டுச் சுவரும் வந்துவிடும். கல்யாணமான புதிதில் பூட்டுக்காரர் கொஞ்சம் பயந்தார். பிறகு குப்பையை மட்டும் முன்பக்கம் கொண்டுபோய்க் கொட்டப் பழகிக்கொண்டார்.

டீச்சருக்கு ஒதுக்கியிருந்தது இடைக்காலம். ஒரு ராஜா ஆற்றோரப் புல்வெளியில் வேண்டாவெறுப்பாகச் சாசனத்துக்கு முத்திரை வைத்த வாரம் முழுக்க வீட்டில் குதிரைச் சாணி நாற்றம். ஒரு படை பெரிய நகரத்து நூலகங்களை ஆற்றில் கொட்டிய வாரம் மை கலந்த தண்ணீர் படியேறி வந்து சமையலறைத் தரை கறுத்துப்போனது. அதைத் துடைக்கும்போதெல்லாம் டீச்சர் அழுதார். கொள்ளைநோய்ப் பாடத்துக்கு மட்டும் கதவில் ஆணியடித்துவிடுவார்கள். டீச்சரும் மூச்சுவிடாமல் ஒரே பீரியடில் நடத்தி முடித்துவிடுவார். அச்சுக்கலைப் பாடத்தின்போது இரவல் வாங்கிப்போன அரத்தை அந்த அச்சுக்காரர் இன்னும் திருப்பித் தரவில்லை. பூட்டுக்காரருக்கு அதில் வருத்தம் உண்டு.

கடைசிப் பாடம் முற்றுகை. மதில் சூழ்ந்த பழைய தலைநகரம் ஒன்று பீரங்கிகளுக்கு முன்னால் விழுகிறது, அதோடு இடைக்காலம் முடிகிறது. வழக்கமாக இரண்டே நாளில் முடிந்துவிடும் பாடம். அந்த வருஷம் பாதிப் பாடத்தில் பள்ளிக் கூரை ஒழுக ஆரம்பித்து, பழுது பார்க்க விடுமுறை விட்டுவிட்டார்கள். முற்றுகை பின்கதவுக்கு வெளியே தங்கிவிட்டது.

கதவைத் திறந்தால் மதிலின் உள்பக்கம். அதில் ஆள் குனிந்து போகும்படி ஒரு சின்ன வாயில். பக்கத்தில் முக்காலி போட்டு, தடித்த காவலர் ஒருவர். அவருடைய மனைவி அந்த வாயில் வழியாக வெளிமதிலில் நிற்கும் வீரர்களுக்குக் குடம் குடமாகத் தண்ணீர் சுமந்துவிட்டு வருவார். பூட்டுக்காரருக்கும் காவலருக்கும் பார்த்தவுடனே ஒட்டிக்கொண்டது. காவலர் டீச்சரை அக்கா என்றார், பூட்டுக்காரரை மச்சான் என்றார். இவர்கள் எந்த மொழியில் பேசிக்கொண்டார்கள் என்று தெருவில் யாரும் விசாரிக்கவில்லை. பீரங்கிச் சத்தத்தில் பாத்திரங்கள் உருளுவதைப் பற்றித்தான் புகார் வந்தது.

அந்தச் சின்ன வாயிலை யாரோ பூட்டாமல் விட்டுவிட்டார்கள், எதிரிகள் அந்த வழியாகவும் நுழைந்தார்கள் என்று ஒரு கதை உண்டு. டீச்சர் அதைப் புருஷனிடம் சொல்லிவிட்டார். பூட்டுக்காரர் வேறு வேலையெல்லாம் தள்ளிவைத்துவிட்டு ஒரு பூட்டு செய்து கொடுத்தார்.

"இதைப் பூட்டிட்டு சாவியைத் தொலைச்சுராதீங்க மச்சான். அப்புறம் நானே நினைச்சாலும் திறக்க முடியாது."

கூரை சரியானது. பரீட்சைக்கு முன்னால் போர்ஷனை முடித்தே ஆகவேண்டும் என்றார் தலைமை ஆசிரியர். டீச்சருக்குச் சோறு இறங்கவில்லை. கடைசி வரியைச் சொல்லும்போது கதவுக்கு வெளியே யார் இருந்தாலும் அந்தக் காலத்தோடு போய்விடுவார்கள். காவலரையும் அவர் மனைவியையும் உள்ளே வரச் சொல்லிக் கெஞ்சிப் பார்த்தார்.

"வேலையில நிக்கிறவன் எப்படிக்கா வர்றது?" என்றார் காவலர்.

பாடம் முடிக்கிற நாள் காலை டீச்சர் கிளம்பும்போது, "மூணாவது பீரியடுல முடிச்சுருவேன், அதுக்குள்ள நீங்களாவது உள்ள வந்துருங்க" என்று புருஷனிடம் சொல்லிவிட்டுப் போனார். பூட்டுக்காரர் தலையாட்டிவிட்டு, பூட்டைப் பார்க்கப் போனார். அது திறந்தபடி வளையத்தில் தொங்கியது. வாயில் ஒருக்களித்திருந்தது. மதிலுக்கு அப்பால் பெரும் கூச்சல்.

"மச்சான், பூட்டலையா?"

"அவ வெளிய இருக்கா."

பூட்டுக்காரர் கையால் வாயிலை இன்னும் கொஞ்சம் திறந்துவைத்துவிட்டு, காவலருக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்துகொண்டார்.

வகுப்பில் டீச்சர் கடைசிப் பத்திக்கு வந்திருந்தார். சாக்பீஸைக் கையில் வைத்துக்கொண்டு நின்றபோது புருஷனின் குணம் நினைவுக்கு வந்தது. ஊருக்கெல்லாம் பூட்டு செய்து கொடுக்கிற மனுஷன், மனைவி வீடு திரும்பும்வரை ஒருநாளும் தாழ் போட்டதில்லை. "எல்லாரும் தண்ணி குடிச்சிட்டு வாங்க" என்று சொல்லிவிட்டு டீச்சர் வீட்டுக்கு ஓடினார்.

அவர் சமையலறைக்குள் நுழையவும், காவலரின் மனைவி உடைந்த குடத்தை இடுப்பில் பிடித்தபடி பின்கதவுக்குள் வந்து விழவும் சரியாக இருந்தது. பின்னாலேயே இரண்டு ஆண்களும் வந்தார்கள். பூட்டுக்காரர் தாழ் போட்டார். உடனே கதவு இடிபடத் தொடங்கியது. மூன்று பேரும் அதற்கு முதுகு கொடுத்து நின்றார்கள். டீச்சர் வந்த வழியே பள்ளிக்கு ஓடி, மூச்சு வாங்க, காலி வகுப்பைப் பார்த்து, "நகரம் வீழ்ந்தது" என்றார். வீட்டில் இடிச்சத்தம் நின்றது.

சாயங்காலம் காவலர் கேட்டார், "அக்கா, எங்க ஊரு என்னாச்சு?"

வருஷா வருஷம் குரல் மாறாமல் சொன்ன விஷயம்தான். அன்றைக்கு டீச்சர் அவர் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டார். ஒன்றையும் மறைக்காமல் சொன்னார். காவலர் குழந்தை மாதிரி அழுதார்.

"என்னாலதானே," என்றார் அவர் மனைவி.

"இல்லம்மா. பெரிய மதில்ல வண்டியே போற அளவுக்கு ஓட்டை விழுந்திருச்சு. நீ வந்து சேர்ந்தியே, அது போதும்" என்றார் டீச்சர்.

அவர்களுக்கு மாடி அறையை ஒழித்துக் கொடுத்தார்கள். அடுத்த மாதம் வீட்டு உரிமையாளர் வந்து, புதிதாக இரண்டு பேர் தெரிகிறார்களே என்றார். பழைய தலைநகரத்திலிருந்து வந்தவர்கள், இனி இங்கேதான் இருப்பார்கள் என்றார் பூட்டுக்காரர். உரிமையாளர் தண்ணீர்த் தொட்டிப் பக்கம் பார்த்தார்.

"நாலு பேருக்குத் தண்ணி பத்துமா? மோட்டார் வேற சரியில்ல."

காவலரின் மனைவி, வந்ததிலிருந்து முதல் தடவையாகச் சிரித்தார்.

"தண்ணிதானே," என்றார், "அதை நான் பாத்துக்கிறேன்."