அலமாரிக்குள் ஒரு சூனியக்காரி

என் தங்கச்சி பூச்சி குடியிருப்பது எங்கள் துணி அலமாரியில். உள்ளே உட்கார்ந்து கதவைச் சாத்திக்கொண்டால் குரல் எதிரொலிக்காதாம். வெளிநாட்டுக் கார்ட்டூன் ஒன்றுக்கு அவளும், நேரில் பார்த்தேயிராத அவள் வயதுப் பிள்ளைகளும் தமிழில் குரல் கொடுத்து நெட்டில் போடுகிறார்கள். பத்துப் பைசா வராது. ஆனால் அவளுக்குப் பேச்சு மூச்செல்லாம் அதுதான்.

இந்த முறை சூனியக்காரி வேடம் காலி. பூச்சிக்கு அதன்மேல் உயிர். இதுவரை அவளுக்குக் கிடைத்ததெல்லாம் கூட்டத்தோடு "ஐயோ" என்று அலறும் வேலைதான். நாள் முழுக்க அலமாரிக்குள் "உன்னைத் தவளையாக்கிடுவேன்!" என்று பயிற்சி. மிரட்டல் மாதிரியா இருந்தது? பக்கத்து வீட்டில் சர்க்கரை கடன் கேட்கிற மாதிரி இருந்தது.

குரல் அனுப்பக் கடைசி நாள். மருந்துக்கடை வேலைக்குக் கிளம்ப அலமாரியைத் திறந்தால், என் வெள்ளைக் கோட்டின்மேல் மகாராணி உட்கார்ந்திருக்கிறாள். எனக்கோ மூக்குக்கு மேல் கோபம்.

"அடியே! இப்பதான் தேய்ச்சு வச்சேன். இன்னொரு தடவை உன்னை இதுக்குள்ள பார்த்தேன், ஆணி அடிச்சு மூடிடுவேன்!"

பதறியவள் ரெக்கார்டிங்கை நிறுத்த மறந்து, என் கத்தலோடு அப்படியே அனுப்பியும் விட்டாள்.

சாயங்காலம் போனை என் மடியில் போட்டாள். கண் சிவந்திருந்தது. 'ரெண்டாவதா கத்துனவங்கதான் எங்க சூனியக்காரி' என்று குழுத் தலைவி எழுதியிருந்தாள்.

சிரிப்பு வந்தது. அவள் முகத்தைப் பார்த்ததும் அடக்கிக்கொண்டேன்.

"முடியாதுன்னு எழுதிடுடி. எனக்கெதுக்கு இந்த வம்பு?"

அவள் மூக்கை உறிஞ்சிக்கொண்டாள். பிறகு வசனத் தாளை நீட்டி, "பேசிக் காட்டு" என்றாள். பேசினேன். பார்த்துப் படிக்க ஆரம்பித்ததும் என் கோபம் போன இடம் தெரியவில்லை. மருந்துச் சீட்டு வாசிப்பது போல வந்தது.

"ஓடாத. தவளைன்னு சொல்றதுக்கு முன்னாடி கொஞ்சம் நிறுத்து. கேக்கறவங்க பயப்பட நேரம் வேணாமா?"

நிறுத்தினேன்.

"இப்ப நடிக்கிற. சும்மா சொல்லு. மெதுவா."

எங்கே மூச்சு வாங்குகிறேன், எங்கே பொய்யாகக் கத்துகிறேன், எதுவும் அவள் காதுக்குத் தப்பவில்லை. கடைசியில் நான் பேசியதைக் கேட்டு எனக்கே பயமாக இருந்தது. "அங்க என்னடி சண்டை?" என்று அப்பா அடுத்த அறையிலிருந்து ஓடி வந்தார்.

பூச்சி போனில் எதையோ மளமளவென்று தட்டினாள்.

"என்னடி எழுதுற?"

"அக்கா பேசுவா. ஆனா நான் சொல்லிக்கொடுத்தாதான் பேசுவா. மத்தவங்களும் முதல்ல என்கிட்ட பேசிக் காட்டட்டும்னு."

நான் போனையே பார்த்துக்கொண்டிருந்தேன். கடவுளே, இந்தப் பிள்ளையை மட்டும் மறுபடி அழவிட்டுவிடாதே. போன் ஒலித்தது. படித்தவள் நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

"ஒத்துக்கிட்டாங்க" என்றாள். சந்தோஷத்தில் நான் கண்ணைத் துடைத்துக்கொண்டிருக்க, அவளுக்கு அதற்கெல்லாம் நேரமில்லை.

"தண்ணி குடிச்சிட்டு வா. ரெண்டாவது வசனம் இன்னும் சரியா வரல."