அறுபத்தோராம் பக்கத்தில் இரண்டு வார்த்தைகள்

1.

இந்தக் கதை ஓர் அச்சுப்பிழையில் பிறந்தது.

(பொய். அச்சுக்கோத்தவர் பாவம், அவர் தலையில் எதற்குக் கட்டவேண்டும்? மறுபடி தொடங்கலாம்.)

இந்தக் கதை பாக்கரின் வாய்க்கொழுப்பில் பிறந்தது. பாக்கர் ராமநாதபுரத்தில் வக்கீல். அரசியல் சட்டம் வந்த ஐந்தே வருடத்தில் அதைப் பற்றித் தமிழில் மூன்று புத்தகங்கள் எழுதியவர். கதை இதுதான் முதல். ஆமாம், இதை எழுதுவதும் அவர்தான். ‘நான்’ என்று எழுதினால் வக்கீல் தன் வழக்குக்குத் தானே வாதாடுகிற மாதிரி ஆகிவிடும் என்று, பாக்கர் பாக்கர் என்றே எழுதிக்கொண்டு போகிறார்.

மூன்றாவது புத்தகம், அறுபத்தோராம் பக்கம்: ‘குற்றம் சாட்டப்பட்டவரை, வாயைத் திற, சொல் என்று யாரும் கட்டாயப்படுத்த முடியாது. கோர்ட்டிலும் சரி, ஊரிலும் சரி.’

கோர்ட்டு வரைக்கும்தான் சட்டம். ஊர் என்பது பாக்கர் ஓசைக்காகச் சேர்த்தது.

2.

1955 ஆகஸ்டில் ஒரு கார்டு வந்தது. தங்கச்சிமடத்தை அடுத்த ஒரு கரையோர ஊர், பெயர் வேண்டாம். எழுதியவள் யாகப்பம்மாள், கருவாடு விற்கிறவள். மீனவன் செபஸ்தியானோடு அவள் சண்டை போட்ட மறுநாள், அவனுடைய வலை கத்தியால் கிழிபட்டுக் கிடந்தது. அந்த ஊரில் யார்மேலாவது சந்தேகம் வந்தால், அவர் அந்தோணியார் முன்னால் எரிகிற மெழுகுதிரியை ஊதி அணைத்து, தான் செய்யவில்லை என்று சத்தியம் செய்யவேண்டும். அவள் அறுபத்தோராம் பக்கத்தை விரித்துக் காட்டி, மாட்டேன் என்றுவிட்டாள். ஊர் அவளை விலக்கி வைத்தது. பேச்சு கிடையாது, கிணற்றில் தண்ணீரும் கிடையாது.

‘பதினோரு நாளாச்சு. ரெண்டு மைல் நடந்து தண்ணி கொண்டாறேன். பிள்ளைக தவிக்குதுக. புத்தகத்துல இன்னும் என்ன போட்டிருக்குன்னு வந்து சொல்லுங்க.’

(பாம்பன் பாலத்தில் ரயில் ஏறியபோது கீழே கடல் கொந்தளித்துக்கொண்டு— வேண்டாம். அன்று கடல் சும்மாதான் கிடந்தது.)

3.

ஞாயிறு பூசை முடிந்து ஊர் கூடியிருந்தது. பாக்கர் தன் வாதத்தை ஏழு பாயிண்டாக எழுதிக்கொண்டு வந்திருந்தார். முதல் பாயிண்டு அடக்கத்துக்காகப் போட்டது.

“தப்பு என்னோடதுதான். ஊரிலும் சரின்னு நான் எழுதினது—”

“நிப்பாட்டுங்க,” என்றார் ஊர்த்தலைவர் இன்னாசி. “சபையில தப்ப ஒத்துக்கிறீகளா?”

“ஒத்துக்கிறேன். ஆனா சட்டப்படி—”

“முடிஞ்சுபோச்சு. ஒரு கட்டு மெழுகுதிரி வாங்கிக் குடுத்துட்டுப் போங்க.”

அந்த ஊர் வழக்கம் அப்படி. சபையில் யாராவது எழுந்து தப்பை ஒத்துக்கொண்டால் வழக்கு அன்றோடு சரி. அதற்குமேல் பேசுகிறவருக்குத்தான் தண்டனை. செபஸ்தியான் எழுந்து, “அப்ப என் வலை?” என்றான்.

“ஏலே, முடிஞ்சுச்சுன்னு சொன்னேன்ல, உக்காரு.”

மிச்ச ஆறு பாயிண்டும் பாக்கரின் சட்டைப் பையிலேயே இருந்தன. இத்தனை வருடத் தொழிலில் இவ்வளவு சந்தோஷமாக அவர் எந்த வழக்கிலும் குற்றவாளி ஆனதில்லை. (வக்கீல் குற்றவாளி ஆவதே அபூர்வம்.)

யாகப்பம்மாள் குடத்தோடு கிணற்றுக்கு ஓடினாள். பிள்ளைகள் வீடு போய்ச் சேரும்வரை பொறுக்காமல் அங்கேயே கையேந்திக் குடித்தார்கள். பாக்கருக்குக் கண் கலங்கிவிட்டது. அல்ஹம்துலில்லாஹ் என்று வாய்விட்டே சொன்னார்.

4.

முடிவு ஒன்று: வலையைக் கிழித்தவன் செபஸ்தியானின் மச்சானே. (சினிமாத்தனம்.)

முடிவு இரண்டு: வலை பாறையில் சிக்கித் தானாகவே— (கத்தி என்று மேலே எழுதியாயிற்று.)

நடந்தது இதுதான். ஸ்டேஷன் வரைக்கும் வந்த யாகப்பம்மாள் கேட்டாள்.

“வக்கீலய்யா, அப்ப நான் மாட்டேன்னு சொன்னது தப்பா?”

“சட்டத்துல அதுக்கு இடமில்லம்மா. ஆனா தப்பில்ல.”

“அப்பச் சரி. ஊரிலும் சரிங்கிற அந்த ரெண்டு வார்த்தைய அடிச்சிராதீக.”

பாக்கர் ரயில் ஏறும்போது, அவர் கேட்காமலேயே, வலையைப் பற்றி அவள் ஒரு வாக்கியம் சொன்னாள்.

என்ன சொன்னாள் என்று கேட்பீர்கள். கதை படிக்கிறவர் கேட்கத்தான் செய்வார். ஆனால் இதையேதான் ஊரும் பதினோரு நாளுக்கு மேலாகத் தண்ணீரை நிறுத்திவைத்துக் கேட்டது; அவள் சொல்லவில்லை. பாக்கரும் சொல்லப்போவதில்லை. உங்களுக்குப் பிடித்த முடிவை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள். அவள் வாயால் சொன்னதாக மட்டும் எழுதிவிடாதீர்கள்.