வெள்ளைப் பெட்டிக்குக் குலவை

பஞ்சை நனைத்து, இறந்துகிடந்த தம்பியின் ஏழாவது விரல் நகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தாள் நுஹா. நகப்பூச்சின் சிவப்பு லேசில் போகவில்லை.

"சீக்கிரம் ஆகட்டும், பாதிரியார் வந்துடுவார்," என்றார் வாசலில் நின்ற தாய்மாமன் ஹபீப். "குலவை கிலவைன்னு யாரும் வாயத் திறக்கக் கூடாது, சொல்லிட்டேன்."

"கல்யாணம் ஆகாத பிள்ளை மாமா, மாப்பிள்ளையாத்தானே அனுப்பணும். வெள்ளைப் பெட்டிய குலவை இல்லாம நம்ம ஸஹ்லே ஊர்ல யாராவது அனுப்பியிருக்காங்களா?"

"மாப்பிள்ளைக்குத்தான் குலவை. டிவியில பொம்பள வேஷம் கட்டி ஊர் சிரிச்சவனுக்கு எதுக்கு?"

அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. தம்பி ரம்சி பெய்ரூட்டில் பெண்ணாக அலங்கரித்து, யாகூத் என்ற பெயரில் பாடினான். டிவிக்காரர்கள் பாடத்தான் அழைத்தார்கள். பாட விடாமல், தலையிலிருந்த பொய்முடியைப் பிடுங்கிச் சிரித்தார்கள். பிறகு அவன் பாடிய விடுதிகளையும் போலீஸ் ஒவ்வொன்றாக மூடியது. முப்பத்து நான்கு வயதில் மாரடைப்பு. அவன் பாடி அவள் ஒருமுறைகூடக் கேட்டதில்லை.

மீதி மூன்று நகங்களை அப்படியே விட்டுக் கையை மடித்து வைத்தாள்.

பத்து மணிக்கு நாலு பேர் வந்தார்கள். கறுப்புக் கோட்டு, டை, படிய வாரிய தலை.

"ரம்சியோட ஹோட்டல்ல வேலை பார்த்தவங்க," என்று முந்திக்கொண்டு சொன்னான் ஜூட் என்பவன். கடைசி வரிசையில் கைகட்டி உட்கார்ந்தார்கள். ரம்சிக்கு இருந்ததுபோலவே நால்வருக்கும் புருவம் மழித்திருந்ததை நுஹா மட்டும் கவனித்தாள்.

பெட்டியைத் தூக்கினார்கள். முன்பக்கம் ஹபீபின் தோள். அம்மா வதீஆ பெட்டிமேல் தூவ அரிசித் தட்டோடு நின்றாள். பெண்கள் ஹபீபைப் பார்த்துவிட்டுத் தலை குனிந்தார்கள். நுஹா வாயைத் திறந்தாள்; வெறும் காற்றுதான் வந்தது. ஐயோ, இப்படியேவா போகப்போகிறான்?

கடைசி வரிசையிலிருந்து கிளம்பியது குலவை. ஜூட்! ஒரே மூச்சில் ஏறி, ஏறி, கூரையில் முட்டி நின்றது. நுஹா திரும்பிப் பார்த்தாள். மனிதத் தொண்டைக்குள் இவ்வளவு இருக்குமா? இந்தக் குரல்களையா பாட விடாமல் சிரித்தார்கள்?

பக்கத்து வீட்டுக்காரி தொடர்ந்தாள். பிறகு வீடே குலவையிட்டது. தூக்கியவர்களின் கால்கள் தாமாகவே ஆடத் தொடங்கின. பெட்டி ஆட, ஹபீபும் ஆடியே தீரவேண்டியிருந்தது.

"யாருடி அது?" என்றாள் அம்மா.

"ரம்சியோட பாடினவன்மா."

அம்மா கடைசி வரிசைக்கு நடந்து, தட்டை ஜூடின் கையில் கொடுத்தாள்.

"நீ தூவுப்பா. எனக்குக் கை எட்டல."

அவன் வீசினான். ஹபீபின் நரைத்த தலையிலும் அரிசி விழுந்தது. தெருமுனை வரை அவர் அதைத் தட்டிவிடவில்லை.