தாவூஸ் பேசிய வசனம்

திரையில் தாவூஸ் கிணற்றடியிலிருந்து ஏறி வருகிறாள், இளமை மாறாத தாவூஸ், ஈரக் கைகளைப் பாவாடையில் துடைத்தபடி, பக்கத்து இருக்கையில், அதில் நடித்த, இப்போது பார்வை போன கிழத் தாவூஸ் தலையைச் சாய்த்துக் கேட்டுக்கொண்டிருக்கிறாள், இப்ப என்ன தெரியுது மெஸியான், நீங்க வர்றீங்க, வெயில் உங்க முதுகுல, என்கிறான் அவன், தான் இயக்கிய முதல் படத்தை யாரோ எடுத்ததுபோலப் பார்த்துக்கொண்டு. அல்ஜீரியா விடுதலை பெற்ற சில வருடங்களில் கபிலியா மலைக் கிராமமொன்றில் எடுத்தது, மனைவியைக் கைநீட்டி அடித்துக்கொண்டே இருந்த கணவன் பிரெஞ்சுக்காரர்களோடு போரிடப் போகிறான், சாகிறான், செய்தி வந்ததும் மனைவி பேசுவது ஒரே வசனம், இனிமே கதவைத் தாழ் போட்டுட்டுத் தூங்கலாம், தணிக்கை அதிகாரி கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்தார், தியாகியோட பெண்டாட்டி இப்படிப் பேசமாட்டா, வெட்டிடுங்க, படம் நாளைக்கே வெளிவரும், வெட்டமாட்டேன் என்றான், அத்தனை உறுதி எங்கிருந்து வந்ததென்று இன்றும் அவனுக்குத் தெரியாது, படம் அரசுக் கிடங்குக்குப் போயிற்று. பிறகு பிரான்சில் மார்செய், வாடகை அறை, தொலைக்காட்சிக்கு வேறு பெயரில் எழுதிய துப்பறியும் தொடர்கள், நடுவே இரண்டு படங்கள், ஒன்றுக்கு விருது, கைகுலுக்கல்கள், எதுவும் அவனைத் தொடவில்லை, அல்ஜீரியாவில் ஒரான் வானொலியில் நாடகம் பேசிக்கொண்டிருந்த தாவூஸ் மட்டும் தொலைபேசியில் கேட்பாள், என் முகத்தை எப்பக் காட்டுவீங்க, கண்ணு மங்கிட்டே வருது, அந்த வசனத்தைத் தூக்கிடவா என்று ஒருமுறை கேட்டான், வேண்டாம், அதைப் பேசினவ நான்தானே.

அதிகாரிகள் மாறி, கிடங்கைக் கிளறி, இன்று ஒரானில் படம் ஓடுகிறது, முக்காடிட்ட பெண்கள் வரிசை வரிசையாக, திரையில் செய்தி கொண்டுவந்தவன் வாசலில் தலைகுனிந்து நிற்கிறான், கிழத் தாவூஸ் மெஸியானின் மணிக்கட்டைப் பிடித்துக்கொள்கிறாள், வந்துடுச்சா, வந்துடுச்சு, திரையிலிருப்பவள் அந்த வசனத்தைச் சொல்லிவிட்டாள், அரங்கில் இருமல்கூட இல்லை, முகம் சுளிக்கிறார்களோ என்று நினைக்கிறான், அப்போது பின்வரிசையில் ஒரு கிழவி குலவையிடுகிறாள், தொடர்ந்து இன்னொருத்தி, பிறகு அரங்கு முழுக்க, இந்தச் சத்தம் படத்துல கிடையாதே என்கிறாள் தாவூஸ், இல்ல, இது இவங்க, என்னும்போதே அவன் குரல் உடைகிறது, அதற்கப்புறம் அவன் எழுதிய வசனம் ஒன்றுகூட யாருக்கும் கேட்கவில்லை.