இறங்க மறுத்த ஆகாயக் கப்பல்

1

இந்தக் கதை ஒரு பத்திரிகை ஆசிரியரின் நக்கலில் பிறந்தது. "சந்திரனுக்கே மனிசன் போகப்போறான். நீங்கள் இன்னும் தாலிக்குப் பொன்னுருக்கிலையே நிக்கிறியள். எங்களுக்கு ஒரு விண்வெளிக் கதை தாருங்கோ" என்றார்.

எனக்கு விண்வெளி தெரியாது, கலியாணம்தான் தெரியும். இரண்டிலும் ஆட்களுக்கு மூச்சு முட்டும் என்ற ஓர் ஒற்றுமையை நம்பி எழுத உட்கார்ந்தேன்.

முதல் தொடக்கம்: "முடிவில்லாத இருளில் ஒரு கப்பல் தன்னந்தனியே—" [வெட்டினேன். அந்தக் கப்பலில் எனக்கு ஒருவரையும் தெரியாது.]

இரண்டாவது: "அருந்ததியின் கூந்தலில் மல்லிகை—" [இது என் போன நாவல்.]

மூன்றாவது: "சனிக்கிழமை பின்னேரம், ஸ்கந்தபுரம் கூட்டுறவுச் சங்கக்கடையில், சீனி நிறுத்துக்கொண்டே யோகநாதன் ஒரு கப்பலை ஆகாயத்தில் ஏற்றினான்."

இது நிற்கட்டும்.

2

உடனே ஒரு சந்தேகம். இலங்கையிலேயே இன்னும் தொலைக்காட்சி இல்லை. சங்கக்கடை மனேச்சர் யோகநாதன் ஆகாயக் கப்பலை எங்கே பார்த்தான்? வேறு வழியில்லாமல் அவனைக் கணக்கியல் படிக்க லண்டனுக்கு அனுப்பினேன். சோதனையில் தவறவும் வைத்தேன். (மன்னிக்க வேண்டும். சித்தியடைந்திருந்தால் அவன் ஏன் ஸ்கந்தபுரத்துக்கு வருகிறான்?)

அங்கே அறை வாடகைக்குத் தந்த வீட்டுக்காரியின் முன்னறையில் ஒரு பெட்டி. அதற்குள் கிழமைக்கு ஒரு தரம் ஒரு தொடர். பூமி உறைந்துபோய்விட்டது. மிஞ்சிய கொஞ்சப் பேர் ஒரு கப்பலில் ஏறிக் குடியிருக்க இடம் தேடிப் போகிறார்கள். யோகநாதன் ஆறு கிழமை பார்த்தான். ஏழாவது கிழமை, பெட்டியும் படுக்கையுமாக ஊருக்குத் திரும்பும் கப்பலில் இருந்தான். ஆகாயக் கப்பலுக்கு என்ன ஆயிற்று என்று அவனுக்கே தெரியாது.

முடிவு தெரியாது என்பதை அவன் யாரிடமும் சொல்லவில்லை.

3

பங்கீட்டுக் கூப்பன் அரிசிக்கு வந்தவர்களிடம் பொழுதுபோக்காகத்தான் அந்தத் தொடரைக் கதையாகச் சொல்லத் தொடங்கினான். மூன்றாவது சனிக்கிழமை, அரிசி தேவைப்படாதவர்களும் வந்து சாக்குகளின் மேல் ஏறி உட்கார்ந்துவிட்டார்கள். எல்லாரும் குளத்தை நம்பிக் குடாநாட்டிலிருந்து வந்து காடு வெட்டிக் குடியேறியவர்கள். புது இடத்தில் உயிர் தப்புவது எப்படி என்பதில் ஆளுக்கொரு அபிப்பிராயம் வைத்திருந்தார்கள்.

"அந்தக் கப்பலிலை குசினி எங்கை, தம்பி?" என்று கேட்டாள் அன்னபாக்கியம்.

"குசினி இல்லை அக்கா. சாப்பாட்டுக்குப் பதிலா மருந்து மாதிரிக் குளிசைதான் போடுவினம்."

"சோறில்லாமல் குளிசையோ? அப்ப உவை தப்பமாட்டினம்."

அடுத்த கிழமை யோகநாதன் கப்பலில் ஒரு குசினி கட்டினான்.

அவளுடைய கணவர் பரமலிங்கத்தாருக்குக் குசினி முக்கியமில்லை. "காத்து எங்காலை வருது?"

"ஒரு மெசினிலையிருந்து, குழாய் வழியா."

"குழாயின்ரை தலைப்பிலை ஆர்?"

"கப்பல் ஓட்டுற கப்ரின்."

"நினைச்சனான். கடைசியிலை?"

லண்டன் பெட்டியில் கடைசி அறையை யாரும் காட்டவேயில்லை. யோகநாதன், குசினியை விட்டால், தன் வாழ்நாளின் முதல் பொய்யை, இல்லை, முதல் கற்பனையைச் சொன்னான்: "கடைசி அறையிலை ஒருத்தர் இருக்கிறார். அவரிட்டை வந்து சேரேக்கை காத்து அரைவாசிதான்."

சாக்குகளின் மேலிருந்தவர்கள் பரமலிங்கத்தாரைத் திரும்பிப் பார்த்தார்கள். பரமலிங்கத்தாரின் வயல் வாய்க்காலின் கடைசியில் இருந்தது. எல்லாரும் பாய்ச்சிய பிறகு வருவதுதான் அவருக்குத் தண்ணீர்.

"அப்ப முறை வைக்கேல்லையோ?" என்று தொடையில் அடித்துக் கத்தினார். "தண்ணிக்கு முறை வைக்கிற மாதிரிக் காத்துக்கும் முறை வைக்கவேணுமெல்லோ! வெள்ளைக்காரனுக்கு இதுகூடத் தெரியாதோ?"*

* காற்றை முறை வைத்து விடலாமா என்று எனக்குத் தெரிந்த பௌதிக ஆசிரியரிடம் கேட்டேன். முடியாது என்றார். பரமலிங்கத்தார் முடியும் என்கிறார். அவர் என் பாத்திரம். நான் அவர் பக்கம்.

4

இனி, கதையின் வயிற்றில் நெருப்பை வைக்க வேண்டும்.

பரமலிங்கத்தார் காணியைக் கைவிட்டுக் குடும்பத்தோடு சொந்த ஊரான அளவெட்டிக்குத் திரும்ப முடிவு செய்துவிட்டார். அங்கே தமையனின் புகையிலைத் தோட்டம் இருக்கிறது. அவருக்கு அருந்ததி என்று ஒரு மகள். குடும்பத்தோடு என்றால் அருந்ததியோடும்தான். யோகநாதன் அன்றைக்கு நிறுத்த சீனி எல்லாருக்கும் கூடிப்போயிற்று.

ஆனால் பரமலிங்கத்தார் ஒரு வார்த்தை சேர்த்தார். "அந்தக் கடைசி அறைக்காரன் கரை சேர்ந்தானோ எண்டு அறியாமல் நான் லொறி ஏறமாட்டன்."

அதற்குப் பிறகு கப்பல் தரையிறங்குமா?

ஒரு கிழமை எரிகல் மழை. ஒரு கிழமை மெசின் பழுது. அடுத்த கிழமை கப்ரினுக்கு அம்மாள் வருத்தம், உடம்பெல்லாம் கொப்புளம். அதற்கடுத்த கிழமை கப்பலுக்குள் குரங்கு புகுந்து விதைநெல்லைத் தின்றது. (ஆகாயத்தில் குரங்கு எப்படி என்று நீங்கள் கேட்பீர்கள். ஸ்கந்தபுரத்தில் யாரும் கேட்கவில்லை. குரங்கு எங்கும் வரும் என்பது அவர்களின் அனுபவம்.)

அன்னபாக்கியம் மட்டும் ஒருநாள் சொன்னாள்: "தம்பி, போன மாசமும் உந்தச் சிவத்தக் கிரகத்தைத் தாண்டினவை."

"அது வேறை சிவப்பு, அக்கா."

5

அருந்ததியைப் பற்றி எனக்கு நம்பிக்கை குறைவாக இருந்தது. என் கதாநாயகிகள் நிலம் பார்ப்பார்கள், பெருவிரலால் கோலம் போடுவார்கள். இவளையும் அப்படி நிறுத்திப் பார்த்தேன்: "அருந்ததி நாணத்தோடு—"

நிற்கவில்லை. நேரே கடைக்குள் போய்த் தராசுக்கு முன்னால் நின்றுகொண்டாள்.

"மனேச்சர், லண்டனிலை நீங்கள் எத்தினை கிழமை பாத்தனீங்கள்?"

"ஆறு."

"இஞ்சை பொங்கலுக்குத் துடங்கினது, இப்ப சித்திரையும் முடியப்போகுது. மிச்சம் ஆர் எடுத்த படம்?"

"நீர் ஆருக்கும் சொல்லாதையும்."

"குரங்கு வந்த அண்டைக்கே தெரியும். ஏன் இறக்காமல் வைச்சுச் சுத்திறியள்?"

யோகநாதன் சீனியை அள்ளிக்கொண்டே இருந்தான். கடதாசிச் சரை நிரம்பி மேசையில் கொட்டியது.

"கொட்டுது" என்றாள்.

"தெரியும்" என்றான்.

"தெரிஞ்சால் நிப்பாட்டுங்கோவன்" என்று சிரித்துக்கொண்டே போய்விட்டாள். அவள் சீனியைச் சொன்னாளா என்று அவன் அன்று முழுதும் யோசித்தான். நானும் யோசித்தேன். அவள் எங்கள் இருவரிடமும் சொல்லவில்லை.

6

அடுத்த சனிக்கிழமை சங்கக்கடை வாசலில் வவுனியா இஸ்ஸதீனின் லொறி நின்றது. அலுமாரி, கதிரைகள், கலப்பை, கோழிக்கூடு எல்லாம் ஏற்றியாயிற்று.

"இண்டைக்கு முடி தம்பி" என்றார் பரமலிங்கத்தார். "இதுக்கு மேலை அளவெட்டியிலை அண்ணர் பொறுக்கமாட்டார். அந்த மனிசன் கரை சேர்ந்தானோ, இல்லையோ?"

யோகநாதன் எழுந்து நின்றான். சேர்ந்தான் என்றால் லொறி கிளம்பிவிடும். செத்தான் என்றால் இந்த மனிதரின் முகத்தைப் பார்க்க முடியாது. இன்னொரு எரிகல்லுக்காக அண்ணாந்து பார்த்தான்.

"நான் சொல்லுறன்" என்று ஒரு குரல். அருந்ததி லொறியின் மிதிபலகையில் ஏறி நின்றாள்.

"நீ எங்கையடி படம் பாத்தனீ?" என்றாள் தாய்.

"கப்பல் இறங்கி மூண்டு கிழமை, அம்மா. தண்ணி இருக்கு, மண்ணும் நல்ல மண். கப்பல் ஓட்டிதான் கதவைத் திறக்கேல்லை."

"ஏன் திறக்கேல்லை?" இஸ்ஸதீன் வண்டிக்குள்ளிருந்து தலையை நீட்டினார்.

"பயம், இஸ்ஸதீன் நானா. கதவைத் திறந்தால் கடைசி அறைக்காரனிட்டை ஒண்டு கேக்கவேணும். எரிகல்லுக்குப் பயப்பிடாத ஆளுக்கு அதுக்குத்தான் பயம்."

சாக்குகளின் மேலிருந்தவர்கள் சிரிக்கத் தொடங்கினார்கள். பரமலிங்கத்தார் சிரிக்கவில்லை. மகளைப் பார்த்தார், பிறகு மனேச்சரைப் பார்த்தார்.

"என்ன கேள்வி?"

"அவரையே கேளுங்கோ, அப்பா. படம் பாத்தவர் அவரெல்லோ!"

7

இந்த இடத்தில் என் பேனா பழக்கதோஷத்தில் நாதஸ்வரத்தை எடுத்தது. பிடுங்கி வைத்தேன். லொறி புழுதி கிளப்பிப் போவதாக ஒரு முடிவும் எழுதிப் பார்த்தேன்: "தூரத்தில் அவள் சேலைத் தலைப்பு—" [சீ.]

எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான். யோகநாதன் தொண்டையைச் செருமிக்கொண்டு, "ஐயா" என்று தொடங்கினான். இஸ்ஸதீன் எஞ்சினை நிறுத்தினார். பரமலிங்கத்தார் கையை உயர்த்தி, "பொறு" என்றார். லொறியைத் திரும்பிப் பார்த்தார்.

"உதிலை ஒரு கதிரையை இறக்குங்கோ. இருந்துதான் கேக்கவேணும்."

கதிரை இறங்கிவிட்டது. அவர் உட்கார்ந்துவிட்டார். அலுமாரி இன்னும் மேலே இருக்கிறது. அது கனத்த முதிரை மரம்; நான் தனியே இறக்க மாட்டேன்.

வாசகரே, சும்மா நிற்காமல் மற்றப் பக்கத்தைப் பிடியுங்கள்.